கொழும்பில் இருந்து கோல் ஒஃப் டியூட்டி தொடங்குபவர்களுக்கு: எதை வாங்குவது, எப்படிக் காசு கட்டுவது, எங்கே சிக்குப்படுவீர்கள்

கோல் ஒஃப் டியூட்டி என்ற சுடும் கேம் தொடரை இதுவரை தொட்டதே இல்லை, இப்போது தொடங்கலாம் என்று நினைக்கிறீர்கள். கணினிக் கேம்களை ஒன்லைனில் விற்கிற ஸ்டீம் கடையில் பெயரைத் தேடினால் இருபதுக்கு மேல் வந்து நிற்கும். அதில் பாதிப் பெயர்கள் ஒன்றுபோலவே இருக்கும், விலை டொலரில் இருக்கும், யாரைக் கேட்டாலும் "புதுசை எடு" என்பார்கள். டேட்டா அளந்து வருகிற வீட்டு இணைப்பும் நாலைந்து வருடப் பழைய லப்டொப்பும் வைத்திருக்கிற ஒருவருக்கு அது மோசமான ஆலோசனை. எனக்கும் இதை ஒழுங்காகச் சொல்லித்தர ஆள் கிடைக்கவில்லை, ஒவ்வொன்றாக முட்டிமோதித்தான் தெரிந்துகொண்டேன். 2007இல் வந்த கோல் ஒஃப் டியூட்டி 4: மொடர்ன் வோர்ஃபேரில் தொடங்குங்கள் என்பதுதான் என் முடிவு. ஏன், எப்படி என்பதைக் கீழே வரிசையாகச் சொல்கிறேன். தொடரின் வரலாறு இங்கே வராது, வாங்குவதற்குத் தேவையான அளவுக்கு மட்டும் வருடங்களைச் சொல்வேன்.

1. பெயர்க் குழப்பத்தை முதலில் தீர்த்துக்கொள்ளுங்கள்

காசு வீணாகிற முதல் இடம் இதுதான், அதனால் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

மொடர்ன் வோர்ஃபேர் என்ற பெயரில் இரண்டு தனித்தனிக் கதைகள் இருக்கின்றன. பழைய கதை 2007, 2009, 2011 என்று மூன்று கேம்களில் ஓடி முடிகிறது. பிறகு அதே பெயரோடு புதிதாக ஆரம்பித்த கதை 2019, 2022, 2023இல் வந்தது. கப்டன் பிரைஸ், சோப் என்ற அதே பெயர்கள் இரண்டிலும் வரும், ஆனால் இரண்டும் வேறு கதை. 2009இல் வந்தது மொடர்ன் வோர்ஃபேர் 2, அந்த 2 சாதாரண எண். 2022இல் வந்ததில் அதே இரண்டு ரோமன் எண்ணில் இருக்கும். இதைக் கவனிக்காமல் பழைய கதையின் முதல் பாகத்தை முடித்துவிட்டு 2022 கேமை வாங்குகிறவர்கள் நிறையப் பேர். ஸ்டீமில் பழையவற்றுக்குப் பக்கத்தில் வெளியான வருடம் போட்டிருக்கும். பெயரை விட்டுவிட்டு வருடத்தைப் பாருங்கள்.

பிளாக் ஒப்ஸ் வரிசை இன்னொரு கிளை. 2008இல் வந்த வேர்ல்ட் அட் வோரில் வருகிற ரெஸ்னோவ் என்ற ரஷ்யச் சிப்பாய் 2010 பிளாக் ஒப்ஸ் கதைக்கு முக்கியமானவர், ஆகவே அந்த இரண்டையும் அந்த வரிசையிலேயே விளையாடுங்கள். அதன் பிறகு 2012இல் வந்த இரண்டாம் பாகம். 2020இன் கோல்ட் வோர் கதைப்படி முதலாவதுக்கும் இரண்டாவதுக்கும் நடுவில், எண்பதுகளில் நடக்கிறது. 2018இல் வந்த பிளாக் ஒப்ஸ் 4இல் தனியாள் கதையே கிடையாது. கதைக்காக வாங்குகிறவர் அதைத் தொடவே வேண்டாம்.

2007 கேமுக்கு 2016இல் புதுப்பித்த பதிப்பும் ஒன்று வந்தது. பார்க்க அழகு, கதை அதேதான், ஆனால் விலையும் அளவும் கூட, நல்ல கிராபிக்ஸ் கார்ட்டும் கேட்கும். பழைய லப்டொப்புக்கு மூலப் பதிப்பே போதும்.

2. உங்கள் மெஷினை அளந்து பாருங்கள்

2007இன் கேமுக்கு 8 ஜிபி இடம் இருந்தால் போதும். அந்தக் காலத்தில் 512 எம்பி ரேமோடு ஓடியது, ஆகவே இன்றைக்கு அலுவலக வேலைக்கு வாங்கிய சாதாரண லப்டொப்பிலும் தனிக் கிராபிக்ஸ் கார்ட் இல்லாமலே ஓடும். 2009, 2010 கேம்களும் கிட்டத்தட்ட அப்படித்தான்.

புதியவை வேறு உலகம். 2024இன் பிளாக் ஒப்ஸ் 6க்குக் குறைந்தது 8 ஜிபி ரேமும் எஸ்எஸ்டியில் 102 ஜிபி இடமும் வேண்டும், அதுவும் வெளியான நாளில் சொன்ன கணக்கு, அப்டேட் வர வரக் கூடும். 2025 நவம்பரில் வந்த பிளாக் ஒப்ஸ் 7 இன்னொரு படி மேலே போய், கணினியில் டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்புச் சிப்பும், கணினி தொடங்கும்போதே சரிபார்க்கிற செக்யூர் பூட்டும் இயங்க வேண்டும் என்கிறது. பழைய மெஷின் வாங்குகிறவர்கள் இந்த இடத்தில்தான் சிக்குகிறார்கள். பம்பலப்பிட்டி யூனிட்டி பிளாசாவிலோ வேறெங்கோ செகண்ட் ஹேண்ட் பிசி பார்க்கப் போனால், கடைக்காரர் முன்னாலேயே விண்டோஸில் சிஸ்டம் இன்ஃபர்மேஷனைத் திறக்கச் சொல்லுங்கள். அதில் பயாஸ் மோட் என்று ஒரு வரி இருக்கும், அங்கே யூஈஎஃப்ஐ என்று இருக்க வேண்டும். லெகசி என்று இருந்தால், வாங்கிய பிறகு ஹார்ட் டிஸ்க்கின் அமைப்பையே மாற்ற வேண்டி வரும், சில பழைய மதர்போர்டில் அதுவும் சரிவராது. அதற்குக் கொஞ்சம் கீழே செக்யூர் பூட் ஸ்டேட். அது ஓஃப் என்று இருந்தால் பயப்படத் தேவையில்லை, பெரும்பாலும் பயாஸுக்குள் போய் ஒன் பண்ணலாம்.

பழைய கிராபிக்ஸ் கார்ட் வாங்கினால் பற்றுச்சீட்டில் அதன் சீரியல் நம்பரை எழுதி வாங்குங்கள். வெறுமனே மொடல் பெயர் மட்டும் இருக்கிற பில்லைக் கொண்டு திரும்பிப் போனால் வாக்குவாதம்தான் மிஞ்சும். பில்லின் அடியில் சின்ன எழுத்தில் இருப்பதையும் வாசியுங்கள். எரிந்த தடம், கீறல், துரு இருந்தால் வொரண்டி கிடையாது என்று பல கடைகள் போடும். வெள்ளவத்தை, தெஹிவளைப் பக்கம் கடலுக்குக் கிட்ட இருக்கிறவர்களுக்கு இந்தத் துரு விஷயம் நிஜமாகவே பெரியது, உப்புக் காற்றில் கார்ட்டின் பின்பக்கத் தகடும் திருகாணியும் சீக்கிரமே பழுப்பாகிவிடும். பிசியைக் கடல் பக்கம் திறக்கிற ஜன்னலுக்கு நேரே வைக்காதீர்கள்.

3. கணக்குத் திறக்க முன் கையில் இருக்க வேண்டியவை

ஸ்டீம் கணக்குத் திறக்க ஆவணம் எதுவும் கேட்க மாட்டார்கள், ஒரு மின்னஞ்சல் போதும், வயது 13 ஆகியிருக்க வேண்டும். ஆவணம் தேவைப்படுவது வங்கியில்தான். தேசிய அடையாள அட்டை, வங்கிப் புத்தகம் அல்லது கணக்கு விவரம், விசா அல்லது மாஸ்டர் டெபிட் கார்ட், உங்கள் பெயரில் இருக்கிற சிம். இந்த நாலும் ஒழுங்காக இருந்தால் பாதி வேலை முடிந்தது.

சிம் உங்கள் பெயரில் இருக்க வேண்டும் என்று அழுத்திச் சொல்கிறேன். ஸ்டீமின் பாதுகாப்பு எண், அப்புறம் புதிய கேம்களுக்கும் இந்தத் தொடரின் இலவச ஒன்லைன் கேமான வோர்ஸோனுக்கும் கட்டாயமான, வெளியீட்டாளர் அக்டிவிஷனின் கணக்கு, இவற்றை எல்லாம் நீண்ட காலம் வைத்திருக்கப்போகிற ஒரு நம்பரோடு இணைப்பதுதான் புத்தி. யாரோ தந்த சிம்மில் தொடங்கிவிட்டு அது செயலிழந்தால் கணக்கைத் திரும்ப எடுப்பது பெரிய அலைச்சல்.

4. காசு கட்டுவது

இலங்கைக் கணக்குக்கு ஸ்டீம் விலை டொலரில்தான் காட்டும், ரூபாவில் கட்ட வழியில்லை. டொலரை 300 ரூபா என்று வைத்துக் கணக்குப் போட்டால், 20 டொலர் கேம் 6,000 ரூபா, 70 டொலருக்கு வருகிற புதுக் கேம் 21,000 ரூபா. இதற்கு மேல் வங்கி தன் மாற்று விகிதத்தையும் வெளிநாட்டுப் பரிவர்த்தனைக் கட்டணத்தையும் சேர்க்கும், அரசின் வரியும் சேரலாம். கூகுளில் காட்டுகிற டொலர் விலையை நம்பிக் கணக்கில் மட்டமாகக் காசு வைத்தால் பரிவர்த்தனை விழுந்துவிடும். எப்போதும் ஒரு பத்து வீதம் கூட வைத்திருங்கள்.

பல வங்கிகளில் டெபிட் கார்ட்டின் வெளிநாட்டு ஒன்லைன் பாவனை மூடியே இருக்கும். முதலில் வங்கியின் அப்பில் கார்ட் செட்டிங்கைப் பாருங்கள், அங்கே இல்லாவிட்டால் ஹொட்லைனுக்கு எடுத்துத் திறக்கச் சொல்லுங்கள், அதுவும் சரிவராவிட்டால் கிளைக்குப் போக வேண்டியதுதான். போனால் கிழமை நாளில் காலையிலேயே போங்கள், மூன்று மணிக்கு முன் கவுண்டர் வேலை முடிய வேண்டும் என்று எல்லோரும் பின்னேரம்தான் வருவார்கள். போன கையோடு, வங்கியில் பதிந்திருக்கிற ஃபோன் நம்பர் சரியா என்று கேட்டுப் பாருங்கள். கார்ட் சரியாக இருந்தும் ஓடிபி பழைய நம்பருக்குப் போவதால் பலருக்கு வேலை நின்றுவிடுகிறது. அம்மாவின் கார்ட்டில் கட்டுகிற பொடியன்களுக்கும் இதே விஷயம்தான், ஓடிபி அம்மாவின் ஃபோனுக்குத்தான் வரும், அவர் சமையலறையில் இருக்கிற நேரம் பார்த்து அழுத்தாதீர்கள், நேரம் கடந்துவிடும். அவரிடம் முழு விலையையும் முதலே சொல்லிவிட்டு, ஃபோனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கட்டுங்கள்.

முகவரிப் படிவத்தில் தபால் குறியீடு கேட்கும். கொழும்பு 6 என்றால் 00600, கொழும்பு 13 என்றால் 01300. சும்மா 6 என்று போட வேண்டாம்.

ஒரு தடவை மறுத்தால் திரும்பத் திரும்ப அழுத்தாதீர்கள். தொடர்ந்து முயன்றால் ஸ்டீமே கொஞ்ச நேரத்துக்கு வாங்குவதை நிறுத்தி வைக்கும். வங்கியிடம் காரணம் கேட்டுத் தெரிந்துகொண்டு அப்புறம் முயலுங்கள். ஸ்டீம் வொலட்டில் காசு போட்டு வைப்பதையும் நான் பரிந்துரைக்க மாட்டேன், அது 5, 10, 25 டொலர் என்று குறிப்பிட்ட தொகைகளில்தான் ஏறும், மிச்சம் உள்ளேயே கிடக்கும். கார்ட்டில் நேரே கேமுக்குக் கட்டுவதே சுத்தம். மொத்தம் 5 டொலருக்குக் கீழே செலவழித்த கணக்கில் இருந்து நண்பர் அழைப்பு அனுப்ப முடியாது என்பதையும் தெரிந்து வையுங்கள். முதல் கேம் வாங்கியதும் பெரும்பாலும் அந்தப் பூட்டு தானாகத் திறந்துவிடும்.

5. மலிவு என்று வருகிற வலைகள்

சமூக ஊடகக் குழுக்களில் "ஷேர் எக்கவுண்ட்" என்று 1,500, 2,000 ரூபாவுக்கு விற்பார்கள். ஒருவர் வாங்கிய கணக்கின் பாஸ்வேர்டைப் பலருக்குக் கொடுப்பதுதான் அது. ஸ்டீமின் விதிப்படி கணக்கை விற்கவே கூடாது, அத்தோடு முதல் சொந்தக்காரர் தன் கார்ட் விவரத்தைக் காட்டி எந்த நாளும் அதைத் திருப்பி எடுக்கலாம். காசு கொடுத்தவருக்கு முறையிட இடமே இல்லை. விபிஎன் போட்டு வேறு நாட்டு விலையில் வாங்கித் தருகிறேன் என்பவர்களையும் அப்படியே விட்டுவிடுங்கள், கணக்கு முடங்கினால் அதற்குள் இருக்கிற எல்லாக் கேமும் போகும். கொப்பி டிஸ்க் பற்றி நான் பேசவே தேவையில்லை, எந்த வைரஸோடு வருகிறது என்று விற்கிறவருக்கே தெரியாது.

6. எப்போது வாங்குவது

அவசரப்படாதீர்கள், அவ்வளவுதான். ஸ்டீமின் பெரிய தள்ளுபடிகள் ஜூன் கடைசியிலும் டிசம்பர் கடைசியிலும் வரும். இந்தத் தொடரின் கேம்கள் மற்றவை மாதிரி அடிமட்ட விலைக்கு இறங்குவது அபூர்வம், பத்து வருடம் கழித்தும் 20, 40 டொலரில் பிடிவாதமாக நிற்பவை உண்டு. பழையவை பாதி விலைக்கு வந்தாலே நல்ல விலை என்று எடுத்துக்கொள்ளுங்கள். விஷ்லிஸ்ட்டில் போட்டு வைத்தால் தள்ளுபடி வரும்போது மின்னஞ்சல் வரும்.

காசைத் திருப்பிக் கேட்கும் வசதி இருக்கிறது. வாங்கி 14 நாளுக்குள், விளையாடியது இரண்டு மணி நேரத்துக்குள் என்றால் பெரும்பாலும் திருப்பித் தருவார்கள். ஆனால் புதிய கேம்கள் முதல்முறை திறக்கும்போது ஷேடர் (காட்சிகளை வரைய கிராபிக்ஸ் கார்ட்டுக்கு வேண்டிய நிரல்) தயார் செய்கிறேன் என்று நீண்ட நேரம் உட்கார்ந்திருக்கும், அந்த நேரமும் உங்கள் இரண்டு மணியில்தான் கழிகிறது. உங்கள் மெஷினில் ஓடுமா என்று சந்தேகம் இருந்தால் மெனு வந்த உடனே சோதித்துப் பாருங்கள், செட்டிங் மாற்றிக்கொண்டே நேரத்தை விடாதீர்கள்.

7. டவுன்லோட்

புதுக் கேமின் 100 ஜிபி பல வீடுகளில் ஒரு மாதத்தின் எனிடைம் டேட்டாவை முழுதாக விழுங்கிவிடும். உங்கள் பெக்கேஜில் இரவு டேட்டா தனியாக இருந்தால் அது எத்தனை மணிக்குத் தொடங்கி எத்தனை மணிக்கு முடிகிறது என்று பாருங்கள். ஸ்டீமின் டவுன்லோட் செட்டிங்கில் அப்டேட்டுகளை அந்த நேரத்துக்குள் மட்டும் எடுக்கும்படி வைக்கலாம். இதை வாங்கிய முதல் நாளே செய்துவிடுங்கள், இல்லாவிட்டால் பகலில் அப்பா வேலைக்குக் கூட்டத்தில் இருக்கும்போது அப்டேட் தானாகத் தொடங்கி எல்லோருக்கும் இணைப்பு இழுபடும்.

இன்னும் நல்ல வழி ஒன்று இருக்கிறது. அதே கேமை வாங்கி வைத்திருக்கிற நண்பர் இருந்தால், அவருடைய பிசியில் இருந்து ஒரே வைஃபைக்குள் உங்கள் லப்டொப்புக்கு ஸ்டீமே நேராகக் கொப்பி பண்ணும், வெளி டேட்டா மிகக் குறைவாகத்தான் போகும். அல்லது வெளி ஹார்ட் டிஸ்க்கில் கேமின் ஃபோல்டரைக் கொண்டு வந்து ஸ்டீமின் உரிய இடத்தில் வைத்து இன்ஸ்டோல் அழுத்தினால், இருப்பதைச் சரிபார்த்துக் குறைந்ததை மட்டும் எடுக்கும். உங்கள் கணக்கிலும் கேம் இருக்க வேண்டும், அது முக்கியம்.

பழையவற்றில் கதை, பலரோடு விளையாடுகிற மல்டிபிளேயர் இரண்டும் தனித்தனிப் பதிவாக ஸ்டீம் லைப்ரரியில் வருவதுண்டு. பிளாக் ஒப்ஸ் இரண்டில் ஸொம்பிகளோடு சண்டை போடுகிற பகுதியும் தனி. தேவையானதை மட்டும் இறக்குங்கள்.

8. முதல் மாலை

2007இன் கேம் திறந்த உடனே மூடிக்கொண்டால் கேம் பழுது என்று நினைக்க வேண்டாம். மைக் எதுவும் செருகாத மெஷின்களில் அப்படி நடப்பது பிரபலமான கோளாறு. மைக் உள்ள ஹெட்போனைச் செருகிவிட்டுத் திரும்பத் திறந்து பாருங்கள்.

லப்டொப்பின் டச்பேடில் விளையாட முயலாதீர்கள். சாதாரண மௌஸ் ஒன்று போதும்.

தொடக்கத்தில் பிரித்தானியச் சிறப்புப் படையான எஸ்ஏஎஸ்ஸின் முகாமில் ஒரு பயிற்சி. குறிபார்த்துச் சுடுவது, கத்தியால் ஒரு வத்தகப்பழத்தைக் குத்துவது, அப்புறம் மரப்பலகையில் கட்டிய கப்பல் மாதிரி ஒன்றுக்குள் கயிற்றில் இறங்கி ஓடுவது. அந்த ஓட்டத்தை எவ்வளவு நேரத்தில் முடிக்கிறீர்கள் என்பதை வைத்து எந்தக் கடினத்தில் விளையாடலாம் என்று கேமே சொல்லும். அது சொல்வதையே எடுங்கள், வீராப்புக்கு மிகக் கடினமான வெட்டரனை எடுத்தால் கிரனேட் மழையில் ஒரே இடத்திலேயே நிற்பீர்கள். புதியவரை மெதுவாகக் கையைப் பிடித்துக் கூட்டிப்போகிற இந்தப் பகுதிக்காகவே நான் இந்தக் கேமை முதலில் சொல்கிறேன். முழுக் கதையும் ஆறேழு மணி நேரத்தில் முடியும், உக்ரேனின் பிரிப்யாட் நகரில் புல்லோடு புல்லாக ஊர்ந்து போகிற கட்டம் வரும்போது ஏன் இன்றுவரை இதைப் பேசுகிறார்கள் என்று புரியும்.

நீங்களாகச் சேவ் பண்ண முடியாது, குறிப்பிட்ட இடங்களில் அதுவே பண்ணிக்கொள்ளும். கரண்ட் போனால் கடைசி இடத்தில் இருந்து தொடரலாம். டெஸ்க்டொப் என்றால் ஒரு யூபிஎஸ் போடுங்கள், கேமுக்காக இல்லாவிட்டாலும் ஹார்ட் டிஸ்க்குக்காக. பார்வைக் கோணம் ஒடுக்கமாக இருப்பதால் சிலருக்குத் தலை சுற்றும், திரையில் இருந்து கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தால் குறையும்.

இன்னொன்று, இதை நான் மனதாரச் சொல்கிறேன். ஸ்பீக்கரில் விளையாட வேண்டாம். எங்கள் வீடுகளில் உண்மையான ஷெல் சத்தத்துக்குப் பங்கருக்குள் ஓடியவர்கள் இருக்கிறார்கள், அம்மம்மா வாய் திறந்து சொல்ல மாட்டார், ஆனால் பக்கத்து அறையில் அவர் கை நடுங்கும். ஹெட்போன் போடுங்கள், கதவைச் சாத்துங்கள். இந்தத் தொடர் வயது வந்தவர்களுக்கானது என்பதையும் வீட்டில் சின்னவர்கள் இருந்தால் மறக்க வேண்டாம். 2009 கேமில் விமான நிலையத்தில் பொதுமக்களைச் சுடுகிற ஒரு கட்டம் இருக்கிறது, தொடங்கும்போதே மனதைப் பாதிக்கும் பகுதியைத் தவிர்க்கலாமா என்று கேட்கும். ஆம் என்று கொடுத்தால் ஒன்றும் குறையாது. நான் தவிர்க்கத்தான் சொல்வேன்.

9. ஒன்லைனுக்குப் போகும்போது

பழைய கேம்களின் மல்டிபிளேயரைப் பிசியில் பொதுச் சேர்வரில் தொட வேண்டாம். 2023 ஜூலையில், 2009 கேமின் மல்டிபிளேயர் வழியாக மல்வெயார் பரவியதால் அதைத் தற்காலிகமாக நிறுத்தியே வைத்தார்கள். நண்பர்களோடு 2007 கேமை வீட்டு லேனில் (ஒரே வீட்டு இணைப்பில் கணினிகளைச் சேர்த்து) விளையாடுவது வேறு விஷயம், அது இன்றும் அருமையாக ஓடும். எல்லோரிடமும் 1.7 பதிப்பு இருக்க வேண்டும், இல்லாவிட்டால் ஒருவரை ஒருவர் காண மாட்டீர்கள்.

ஒன்லைன்தான் வேண்டும், செலவில்லாமல் வேண்டும் என்றால் ஃபோனில் கோல் ஒஃப் டியூட்டி மொபைல் இருக்கிறது, 2019 ஒக்டோபரில் இருந்து இலவசம். பிசியில் வோர்ஸோன் இலவசம், ஆனால் டவுன்லோட் அளவில் இலவசம் இல்லை, பழைய லப்டொப்பும் தாங்காது. இரண்டிலும் பாத்திரத்தின் உடுப்புக்கும் துப்பாக்கியின் தோற்றத்துக்கும் காசு கேட்டுக்கொண்டே இருப்பார்கள், கார்ட்டைச் சேமித்து வைக்காதீர்கள், வாங்கிய பிறகு நீக்கிவிடுங்கள். வைஃபை சிக்னல் குறைவான அறை என்றால் ரௌட்டரில் இருந்து ஒரு லேன் கேபிள் இழுங்கள். யூனிட்டி பிளாசாவில் அளவு சொன்னால் வெட்டி, இரண்டு முனையும் அடித்துத் தருவார்கள், வீட்டில் தூரத்தை அளந்துகொண்டு போங்கள், சுவரோரம் வளைகிற இடங்களுக்கும் சேர்த்து.